எஃப்4 கேஸும் மும்பை நேர்காணலும்: மதுரையிலிருந்து ஓர் அனுபவம்

என் மனைவி அமெரிக்காவில் குடியேறுவதற்காக, அங்கே இருக்கும் அவள் அண்ணன் 2006 தொடக்கத்தில் போட்ட விசா மனு இது. 2025-இல்தான் நேர்காணலுக்கு வந்தது. உடன்பிறந்தோருக்கான எஃப்4 பிரிவுக்கு ஆண்டுக்கு 65,000 விசாதான். ஒரு நாட்டுக்கு 7 சதவீதம் என்ற உச்சவரம்பு வேறு. அதனால் இந்தியர்கள் வரிசை இப்படித்தான் நீளும். மனு போட்டபோது மூத்தவள் பால்வாடிக்குப் போய்க்கொண்டிருந்தாள், சின்னவன் பிறக்கவே இல்லை. எங்களைப் போலக் காத்திருப்பவர்கள் நேர்காணலை நினைத்துத்தான் பயப்படுகிறார்கள். எங்களுக்கு அது சில நிமிடம். முழி பிதுங்கியது அதற்கு முந்தைய காகித வேலையில்தான்.

முதலில் பிறப்புச் சான்றிதழ். மச்சானும் என் மனைவியும் ஒரே பெற்றோரின் பிள்ளைகள் என்பதுதான் இந்தக் கேஸின் உயிர். மனைவி 1974-இல் சிவகங்கைப் பக்கம் ஒரு கிராமத்தில், வீட்டில் பிறந்தவள். பிறப்பைப் பதிவே செய்யவில்லை. 'பதிவேட்டில் இல்லை' என்று ஒரு சான்றிதழ் வாங்கி, அதோடு பள்ளி மாற்றுச் சான்றிதழ், எஸ்எஸ்எல்சி புத்தகம், பிறந்த விவரம் நேரில் தெரிந்த பெரியவர்கள் இருவரின் பிரமாணப் பத்திரம் எல்லாம் சேர்த்தோம். அந்தச் சான்றிதழுக்குத்தான் அலைச்சல். இருக்கிற பதிவுக்கு நகல் கொடுப்பது அலுவலகங்களுக்குப் பழக்கம். இல்லாததை இல்லை என்று எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னால் எல்லாருக்கும் தயக்கம் வந்துவிடுகிறது.

அப்புறம் பெயர். என் மாமியார் ஒரு தாளில் மீனாட்சி, இன்னொன்றில் மீனாக்ஷி அம்மாள், மச்சானின் பள்ளிச் சான்றிதழில் வெறும் மீனாள். மாமனாருக்கு ஒரு தாளில் இனிஷியல் உண்டு, மற்றதில் இல்லை. நம் ஊரில் இதை யாரும் ஒரு பொருட்டாக நினைப்பதில்லை. ஆனால் இதை முன்பின் தெரியாத ஒருவர் திரையில் பார்த்தால் மூன்று அம்மாக்கள் தெரிவார்கள். மூன்று பெயரும் ஒரே ஆளைத்தான் குறிக்கின்றன என்று நோட்டரியிடம் பிரமாணப் பத்திரம் எழுதி வைத்தோம். தமிழில் மட்டும் இருந்த தாள்கள் எல்லாவற்றுக்கும் ஆங்கில மொழிபெயர்ப்பும், மொழிபெயர்த்தவர் கையெழுத்திட்ட உறுதிமொழியும் வைத்தோம். பிள்ளைகளின் சான்றிதழை முன்னாலேயே எடுத்துப் பாருங்கள். மருத்துவமனையிலிருந்து பதிவாகிப் போனதில் பெயர்க் கட்டம் காலியாகவே கிடக்கும். எங்கள் சின்னவனுக்கு அப்படித்தான் இருந்தது, மாநகராட்சியில் சேர்த்து வாங்கினோம்.

போலீஸ் சான்றிதழ் பாஸ்போர்ட் சேவா கேந்திராவில் சுலபமாகவே கிடைத்தது. ஆனால் 16 வயதுக்குப் பிறகு வேறு நாட்டில் ஓராண்டுக்கு மேல் இருந்தவர்கள் அந்த நாட்டுச் சான்றிதழும் தர வேண்டும். நான் இளவயதில் சிங்கப்பூரில் வேலை பார்த்தவன். கைரேகை எடுத்து அனுப்பி வாங்க வேண்டியிருந்தது. வளைகுடாவில் இருந்தவர்கள் இதைக் கடைசி வேலையாக வைத்துக்கொள்ளாதீர்கள்.

விசாக் கட்டணம் ஆளுக்கு 325 டாலர். எங்களைத் தாங்குவதாக மச்சான் உறுதி தரும் பொருளாதார ஆதரவுப் படிவத்துக்கு 120 டாலர் தனி. இது அமெரிக்க வங்கிக் கணக்கிலிருந்துதான் போக வேண்டும் என்பதால் மச்சான் கட்டினார். அவர் வருமானமும் ஒரு கணக்கு. அவர் வீட்டில் நான்கு பேர், நாங்கள் நான்கு பேர், ஆக எட்டு. எட்டுப் பேர் குடும்பத்துக்கான அமெரிக்க வறுமைக் கோட்டில் 125 சதவீதம் வருமானம் வேண்டும். 2025 கணக்கில் அது சுமார் 67,700 டாலர். அது போதாதவர்கள் அங்கேயே இன்னொருவரைக் கூட்டு ஆதரவாளராகப் பிடிக்கிறார்கள்.

இனி எங்கள் தூக்கத்தைக் கெடுத்த விஷயம். விசா வரிசையில் எங்கள் மனுவின் தேதி வந்தபோது மகளுக்கு 21 முடிந்துவிட்டது. 21 ஆனால் பிள்ளை கணக்கில் வராது என்று தெரிந்தவர்கள் எல்லாரும் துக்கம் விசாரிக்கிற தோரணையில் பேசினார்கள். 2002-இல் வந்த குழந்தைகள் நிலைப் பாதுகாப்புச் சட்டம்தான் காப்பாற்றியது. மனு அமெரிக்கக் குடியேற்றத் துறையின் மேசையில் ஒப்புதலுக்காகக் கிடந்த காலத்தைப் பிள்ளையின் வயதிலிருந்து கழித்துக்கொள்ளலாம். எங்கள் மனு 2006-இல் போட்டு 2011-இல்தான் ஒப்புதலானது. அந்தத் தாமதத்துக்காக அன்றைக்கு மச்சானோடு சேர்ந்து நானும் புலம்பியிருக்கிறேன். 21-இல் ஐந்தைக் கழித்தால் 16! ஒப்புதல் கடிதத்தைப் பத்திரமாக வைத்திருங்கள், இந்தக் கணக்குக்கு அதுதான் ஆதாரம். இன்னொன்று, தேதி வந்து ஓராண்டுக்குள் கட்டணம் கட்டுவது, படிவம் தாக்கல் செய்வது என்று ஏதாவது ஒன்று பிள்ளை பெயரில் நடந்திருக்க வேண்டும்.

அவள் கல்யாணம் ஆகாதவளாகவும் இருக்க வேண்டும். இதைச் சொந்தக்காரர்களுக்கு விளக்குவதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது. நல்ல வரன் ஒன்று வந்தது, "நிச்சயம் மட்டும் பண்ணி வைப்போமே மாப்பிள்ளை" என்று என் மாமா விடவே இல்லை. நிச்சயத்தைச் சட்டம் கல்யாணமாகப் பார்க்காது, சரி. ஆனால் நம் வீடுகளில் நிச்சயம் நடந்தால் அடுத்த முகூர்த்தத்தை யார் தடுப்பது? அவளுக்கும் அதில் இஷ்டமில்லை.

மருத்துவப் பரிசோதனையைச் சென்னையிலேயே, தூதரகத்தின் பட்டியலில் உள்ள ஒரு மையத்தில் முடித்தோம். மார்பு எக்ஸ்ரே, ரத்தம், தடுப்பூசி. பழைய ஊசி அட்டை இருந்தால் கையோடு கொண்டு போங்கள், இல்லாவிட்டால் திரும்பக் குத்துவார்கள். எனக்குச் சின்ன வயதில் அம்மை போட்டதற்கு வீட்டு வாசலில் செருகிய வேப்பிலைதான் சாட்சி! அங்கே வந்திருந்த நாகர்கோவில் அம்மா ஒருவருக்கு எப்போதோ காசநோய் வந்து ஆறிய தழும்பு எக்ஸ்ரேயில் தெரிந்தது. இப்போது நோய் இல்லை, ஆனாலும் சளி மாதிரி எடுத்துக் கிருமி வளர்கிறதா என்று பார்க்க எட்டு வாரம். அப்படிப் பழைய வரலாறு உள்ளவர்கள் நேர்காணல் தேதிக்கு மிக நெருக்கத்தில் போகக் கூடாது.

நேர்காணல் மும்பை பாந்த்ரா குர்லா வளாகத்தில் உள்ள அமெரிக்கத் துணைத் தூதரகத்தில். கைபேசி உள்ளே விடமாட்டார்கள். தங்கியிருந்த அறையிலேயே வைத்துவிட்டுப் போய்விட்டோம். தாள்களைத் திரும்பச் சரிபார்த்தார்கள், கைரேகை எடுத்தார்கள், பிறகு கண்ணாடிச் சன்னல் முன் வலது கையை உயர்த்தி உண்மையே சொல்வதாக உறுதிமொழி. அதிகாரி இளம் வயதுப் பெண். மனைவியிடம் மனு போட்டது யார், அண்ணன் எப்போது போனார், என்ன வேலை, உடன்பிறந்தவர்கள் எத்தனை பேர் என்று கேட்டார். அண்ணன் கல்யாணத்தில் குடும்பத்தோடு எடுத்த பழைய படத்தைக் கேட்டு வாங்கிக் கொஞ்ச நேரம் பார்த்தார். மாமியாரின் மூன்று பெயரைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. பத்திரம் கோப்பில் இருந்ததால் கேட்கவில்லையா, இல்லை அதைப் பார்க்கவே இல்லையா, தெரியாது. மகளிடம் கல்யாணம் ஆகிவிட்டதா, என்ன படிக்கிறாய் என்று கேட்டார். என்னிடம் சிங்கப்பூர் பற்றி ஒரே கேள்வி. ஒப்புதல் என்று சொல்லி பாஸ்போர்ட்களை வாங்கிக்கொண்டார்.

எங்களுக்கு முன்னால் நின்ற கோயம்புத்தூர்ப் பெண், கணவர் மூலம் வந்தவர். கல்யாணத்துக்குப் பிறகு இருவரும் சேர்ந்து இருந்த காலத்துக்கு இன்னும் ஆதாரம் வேண்டும் என்று 221(ஜி) தாள் கொடுத்தார்கள். பாவம், அழுதுவிட்டார். அது நிராகரிப்பு என்றே பதிவாகும், ஆனால் கேட்டதைக் கொடுத்தால் கேஸ் மேலே நகரும் என்று பக்கத்தில் இருந்தவர்கள் சொல்லித் தேற்றினார்கள்.

விசா கைக்கு வந்த பிறகு கிரீன் கார்டுக்கு ஆளுக்கு 235 டாலர் ஆன்லைனில் கட்ட வேண்டும். விசாவின் ஆயுள் அதிகபட்சம் ஆறு மாதம். மகளுக்குக் கடைசி செமஸ்டர் பாக்கி. அவள் விசா முடிவதற்குள் போய்ச் சேர்ந்தால் போதும், ஆனால் முதன்மை விண்ணப்பதாரரான என் மனைவிக்கு முன்னால் அவள் நுழைய முடியாது. அதனால் நாங்கள் மூவரும் முதலில் கிளம்புகிறோம். பரீட்சை முடிந்ததும் அவள் தனியாக வருவாள்.