மோவாயில் விழுந்த பாடம்

லண்டனில் நான் ஜூடோ பழகும் கூடத்தில், ராணுவத்தில் பணியாற்றி ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் தற்காப்பு வகுப்பு எடுக்கிறார். முதல் நாளே என்னை முன்னால் நிறுத்தினார். விரல்களைப் பின்னுக்கு விரித்து, உள்ளங்கையின் அடிப்பகுதியை என் மோவாய்க்குக் கீழே வைத்து மெல்ல மேலே தள்ளினார். தலை பின்னால் சாய்ந்தது, முதுகு வளைந்தது, குதிகாலில் தள்ளாடினேன். "இது ஃபேர்பெர்ன் கொடுத்த அடி" என்றார்.

அன்றிலிருந்து அந்தப் பெயரைத் தேடித் தேடிப் படித்து வருகிறேன். வில்லியம் ஈவார்ட் ஃபேர்பெர்ன் 1885இல் இங்கிலாந்தில் பிறந்தவர். கடற்படைக் காலாட்படையில் இருந்துவிட்டு 1907இல் சீனாவின் ஷாங்காயில், வெளிநாட்டவர் நிர்வாகத்தில் இருந்த பகுதியின் நகராட்சிக் காவல்துறையில் சேர்ந்தார். அபின் கடத்தலும் ஆள்கடத்தலும் மலிந்திருந்த ஊர் அது. ரோந்தின்போது ஒரு கும்பலிடம் சாகக்கிடக்கும் அளவுக்கு அடிவாங்கியதே அவரை ஜுஜுட்சு என்ற ஜப்பானியத் தற்காப்புக் கலையின் பக்கம் திருப்பியது என்பார்கள். பிறகு ஜூடோவில் கறுப்புப் பட்டை வாங்கினார். சீனச் சண்டைமுறைகளையும் கற்றார்.

இவ்வளவு கற்றவர், காவலர்களுக்குச் சொல்லிக்கொடுக்க வந்தபோது பெரும்பகுதியை ஒதுக்கிவைத்தார். உள்ளங்கை அடி, கைவிளிம்பு வெட்டு, முழங்கால், பூட்ஸ் மிதி என்று ஒரு சிலவற்றோடு நிறுத்திக்கொண்டார். அதன் காரணம் எங்கள் வகுப்பில்தான் எனக்கு விளங்கியது. பெரியவர் எங்களை மாடிப்படியில் மூச்சு முட்டும்வரை ஓடவிட்டு, நாங்கள் நன்றாகத் தெரியும் என்று நினைத்திருந்த மணிக்கட்டுப் பூட்டை, அதாவது எதிராளியின் மணிக்கட்டை முறுக்கி அடக்கும் பிடியை, போடச் சொன்னார். விரல்கள் நடுங்கின, ஒருவருக்கும் பிடி சிக்கவில்லை. உள்ளங்கை அடி மட்டும் எல்லோருக்கும் வந்தது, புதிதாகச் சேர்ந்திருந்த பெண்ணுக்கும்கூட. பதற்றத்தில் நுணுக்கமான அசைவுகள் முதலில் கைவிட்டுப் போகும், பெரிய அசைவுகள் நிற்கும். ஷாங்காய்த் தெருவில் அவர் கண்டது இதைத்தான் என்று நினைக்கிறேன்.

ஃபேர்பெர்ன் இருந்த ஷாங்காய்க் காவல்துறை அந்நியர் ஆதிக்கத்தின் கருவி என்பதையும் மறைக்கக் கூடாது. 1925 மே 30 அன்று அந்தக் காவல்துறை போராட்டக்காரர்களின் கூட்டத்தின் மீது சுட்டதில் பலர் இறந்தார்கள். அதற்குப் பின்புதான் கலவரத் தடுப்புப் பிரிவை உருவாக்கும் வேலை அவரிடம் வந்தது.

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1940இல் நாடு திரும்பியபோது அவருக்கு 55 வயது; கண்ணாடி அணிந்த மெலிந்த மனிதர். ஷாங்காய்த் தோழர் எரிக் சைக்ஸோடு சேர்ந்து, ஸ்காட்லாந்தின் லொஹைலட்டில் இளம் வீரர்களுக்குப் பயிற்சி கொடுத்தார். இருவரும் வடிவமைத்த மெல்லிய இருபுறக் கூர்க் குத்துவாளை வில்கின்சன் நிறுவனம் செய்துகொடுத்தது. பிரிட்டனின் கமாண்டோ என்ற அதிரடிப் படையின் சின்னமாகவே அது ஆகிப்போனது. 1942இல் கனடாவின் ஒன்டாரியோ ஏரிக்கரையில் இருந்த ரகசியப் பயிற்சி முகாமுக்குச் சென்று, அமெரிக்க உளவுப் பிரிவினருக்கும் கற்பித்தார். போருக்குப் பின் சைப்ரஸ், சிங்கப்பூர் காவலர்களுக்கும் பயிற்சி தந்து, 1960இல் காலமானார்.

பலரும் அந்தக் குத்துவாளைத்தான் பேசுகிறார்கள். எனக்கு அந்தப் பயிற்சித் திட்டமே பெரிது. சண்டையே தெரியாத ஒரு குமாஸ்தாவை, சில வாரங்களில், தன் உயிரைக் காத்துக்கொள்ளத் தெரிந்தவனாக்கும் வழியை அவர் வகுத்தார். எங்கள் பெரியவரும் கத்தியைக் கையில் எடுப்பதே இல்லை. வாரந்தோறும் அதே உள்ளங்கை, அதே மாடிப்படி.