ரஷ்ய எழுத்தாளர் மக்சீம் கார்க்கி உங்கள் கைக்கு எப்படி வந்தார்?

கல்லூரி இரண்டாம் ஆண்டில் எனக்கு அவருடைய 'தாய்' நாவலைக் கொடுத்தவர், வாராவாரம் "முடிச்சாச்சா தோழர்?" என்று கேட்பார். பாதிகூடத் தாண்டவில்லை. கடைசியில் முடித்துவிட்டதாகப் பொய் சொல்லித் திருப்பிக் கொடுத்தேன். கார்க்கி என்றாலே பாக்கி வைத்த கடைக்காரரைப் பார்ப்பதுபோல் ஆகிவிட்டது எனக்கு.

பத்துப் பன்னிரண்டு வருடம் கழித்துப் பழைய புத்தகக் கடையில் அட்டையும் முதல் தாளும் போன ஒரு புத்தகம் கிடைத்தது. சோவியத் அச்சு என்று தாளைத் தொட்டாலே தெரியும். நின்றுகொண்டே முதல் பக்கத்தைப் படித்தேன். ஜன்னலுக்குக் கீழே தரையில் அப்பா வெள்ளை உடையில் கிடக்கிறார். கண்களின் மேல் செப்புக் காசுகள். வெறுங்காலின் விரல்கள் விரிந்திருக்கின்றன. அம்மா மண்டியிட்டு அவர் தலையை வாருகிறாள், கறுப்புச் சீப்பால். அந்தச் சீப்பை வைத்துத் தர்ப்பூசணித் தோலை அறுத்து விளையாடுவது பையனுக்குப் பிடிக்கும். செத்துப்போன அப்பாவுக்குப் பக்கத்தில் தர்ப்பூசணித் தோல்! அப்புறம் மழையில் புதைக்கிறார்கள். குழிக்குள் தவளைகள் இருக்கின்றன, இரண்டு சவப்பெட்டி மூடிமேல் ஏறிவிட்டன. பையனின் கவலையெல்லாம் தவளைகள் வெளியே வந்துவிடுமா என்பதுதான்.

வீட்டுக்குக் கொண்டுபோய் இரண்டே நாளில் முடித்தேன். அதன் பிறகுதான் ஒரு நண்பர் சொன்னார்: "இது 'எனது குழந்தைப் பருவம்', கார்க்கி எழுதினது." வெட்கமாகப் போய்விட்டது. உங்களுக்கு அவர் எந்தப் பக்கமாக வந்தார்? எழுதுங்கள்.

* * *

'தாய்' படிக்காமல் விட்டதைப் பெருமையாக எழுதியிருக்கிறீர்கள், சரி. நான் லேத் பட்டறையில் இருபத்தாறு வருடம் நின்றவன். எனக்கு முதலில் வந்ததே அந்தப் புத்தகம்தான், தொ.மு.சி. ரகுநாதனின் தமிழில். ஆலைச் சங்கு அலறுவதும், சனம் இருட்டில் சாம்பல் நிறத் தெருவில் இறங்கி நடப்பதுமான ஆரம்பத்தைப் படித்ததும், இந்த ஆள் ஷிஃப்டுக்குப் போனவன் என்று முடிவு செய்துவிட்டேன்.

கதைக்கு அடியில் நிஜம் இருக்கிறது. நீஷ்னி நோவ்கரதுக்குப் பக்கத்தில் சோர்மவோ என்ற ஆலைப் பகுதி. 1902 மே தினத்தில் அங்கே கொடி பிடித்துக் கைதான பியோத்தர் சலோமவ் என்ற தொழிலாளியும் அவருடைய தாய் அன்னாவும்தான் நாவலில் வரும் மகன் பாவெலுக்கும் தாய் நீலவ்னாவுக்கும் மூலம். இதில் பெரும்பகுதியைக் கார்க்கி 1906இல் அமெரிக்காவில் இருந்துகொண்டு எழுதினார். முதலில் அச்சானதும் ரஷ்ய மொழியில் இல்லை, ஆங்கிலத்தில், ஒரு அமெரிக்கப் பத்திரிகையில் தொடராக.

லெனின் இதைக் கையெழுத்துப் பிரதியிலேயே படித்துவிட்டு, வேளை பார்த்து வந்த புத்தகம் என்று பாராட்டினாராம், கையோடு குறைகளையும் சொன்னாராம். கார்க்கியே பின்னாளில் ஒரு கடிதத்தில் இது மோசமான புத்தகம் என்று எழுதிவிட்டார். அவர் சொல்லட்டும். அடி வாங்கியே பழகிப்போன பொம்பளை நாற்பது வயதில், மகனுக்குத் தெரியாமல், எழுத்துக் கூட்டப் பழகுகிற இடம் ஒன்று வரும். அதை எழுதினவருக்கே அது பிடிக்கவில்லை என்றால் நான் என்ன செய்ய?

* * *

நான் நாடகக்காரி. கார்க்கியின் 'ஆழத்தில்' நாடகத்தின் ஒத்திகையில்தான் அவரைப் பார்த்தேன். 1902 டிசம்பரில் மாஸ்கோ கலை அரங்கில் மேடையேறியது, சாத்தின் என்ற பாத்திரத்தில் நடித்தவர் அந்த அரங்கின் இயக்குநர் ஸ்தனிஸ்லாவ்ஸ்கிதான். அதற்கு முன்னால் அந்தக் குழு மாஸ்கோவின் கித்ரவ் சந்தைச் சத்திரங்களுக்குப் போய் அங்கே ஒண்டிக் கிடந்தவர்களைப் பார்த்துவிட்டு வந்தது. எங்கள் இயக்குநர் அதைக் கேள்விப்பட்டு எங்களையும் இரவில் பேருந்து நிலையத்தில் உட்காரவைத்தார். கொசுக்கடிதான் மிச்சம்.

ஒத்திகை முழுக்கச் சண்டை, லூக்கா கிழவனைப் பற்றி. குடித்தே அழிந்த நடிகனிடம், இந்த நோய்க்கு இலவச வைத்தியம் பார்க்கிற இடம் ஒன்று இருக்கிறது என்று சொல்கிறான் கிழவன். எந்த ஊர் என்று கேட்டால், அப்புறம் சொல்கிறேன் என்பான். சொல்லாமலே ஒருநாள் கிளம்பிப் போய்விடுவான். நடிகன் தூக்கில் தொங்குவான். கிழவன் செய்தது இரக்கமா, துரோகமா? மனிதன் என்ற சொல்லைத் தூக்கிப் பிடிக்கிற சாத்தினின் பேச்சுக்குத்தான் எப்போதும் கைதட்டல் விழும். எனக்கு அந்த ஊர் பேர் தெரியாத ஆஸ்பத்திரிதான் இன்னும் உறுத்துகிறது.

* * *

எல்லாரும் 1917க்கு முந்தைய கார்க்கியோடு நின்றுவிட்டீர்கள். எனக்கு அவர்மேல் கோபம். படித்ததெல்லாம் பிடித்துப்போனதால் வந்த கோபம்.

1917, 18இல் தன்னுடைய 'நோவயா ழீஸ்ன்' பத்திரிகையில் லெனினை நேருக்கு நேராகத் திட்டி எழுதியவர் இவர். 1918 ஜூலையில் பத்திரிகையை மூடிவிட்டார்கள். பசியால் செத்துக்கொண்டிருந்த பெத்ரோகிராதில் எழுத்தாளர்களுக்கு ரேஷன் வாங்கிக் கொடுக்கவும், கைதானவர்களை மீட்கவும் ஓடியாடியவரும் இவரேதான். 1921இல் ரஷ்யாவை விட்டுக் கிளம்பினார், பிறகு இத்தாலியில் சொரெந்தோவில் வாழ்ந்தார். அங்கேயே இருந்திருக்கலாம்.

1929 ஜூனில் வெண்கடல் தீவான சலவ்கி கைதி முகாமைப் பார்க்கப் போனார். அப்போது அங்கே கைதியாக இருந்த அறிஞர் திமீத்ரி லிகச்சோவ் தன் நினைவுகளில் எழுதியிருக்கிறார்: ஒரு சிறுவன் கார்க்கியிடம் தனியாகப் பேசி நடப்பதையெல்லாம் சொன்னான், அறையிலிருந்து வெளியே வந்த கார்க்கியின் கண்களில் கண்ணீர். சரி, ஊருக்குத் திரும்பி என்ன எழுதினார்? முகாமைப் பாராட்டிக் கட்டுரை. தர்ப்பூசணித் தோலையும் தவளையையும் மறக்காத கண் அது! 1934இல் கைதிகள் வெட்டிய வெண்கடல் கால்வாயைப் புகழ்ந்து வந்த கூட்டு நூலுக்கும் அவர்தான் முன்னின்றார். அவர் பிறந்த ஊருக்கு 1932இலேயே, உயிரோடு இருக்கும்போதே, அவர் பெயரை வைத்துவிட்டார்கள். இன்னொன்றும் நேர்மைக்காகச் சொல்ல வேண்டும்: 1931இல் எழுத்தாளர் ஸம்யாத்தின் நாட்டை விட்டு வெளியேற அனுமதி வாங்கிக் கொடுத்ததும் இவர் சிபாரிசுதான். இந்த ஆளை ஒரே மூட்டையாகக் கட்டி எங்கும் வைக்க முடியவில்லை.

* * *

அண்ணா, உங்கள் கோபம் நியாயம்தான். அதற்கு என்னிடம் பதில் இல்லை. நான் ரஷ்யாவில் கசான் நகரத்தில் மருத்துவம் படித்தவன், பார்த்ததைச் சொல்கிறேன்.

முதல் குளிர்காலத்தில் வெளியே நிற்க முடியாமல்தான் கார்க்கி அருங்காட்சியகத்துக்குள் நுழைந்தேன், இலக்கிய ஆர்வமெல்லாம் இல்லை. கீழ்த்தளத்தில் ஒரு பேக்கரி இருக்கிறது. பல்கலைக்கழகத்தில் சேரலாம் என்று 1884இல் கசானுக்கு வந்த பதினாறு வயது அலெக்ஸி பெஷ்கோவ் (கார்க்கியின் இயற்பெயர்), மாவு பிசைந்தது அங்கேதான். தெரென்கவ் என்பவருடைய பேக்கரி. லாபம் மாணவர்களின் ரகசியக் குழுக்களுக்குப் போகும். பல்கலைக்கழகத்துக்குள் மாணவனாக அவர் கால் வைக்கவே இல்லை, ரொட்டிக்கூடையோடு போனதோடு சரி. பிறகு தன்வரலாற்றின் மூன்றாம் பாகத்துக்கு அவர் வைத்த பெயரில் பல்கலைக்கழகங்கள் என்று பன்மை!

1887 டிசம்பரில் இதே ஊரில்தான் தன்னைத்தானே சுட்டுக்கொண்டார். குண்டு நுரையீரலைத் துளைத்தது, பிழைத்தார். பையில் இருந்த சீட்டில், தன் சாவுக்கு ஜெர்மன் கவிஞர் ஹைனேதான் பொறுப்பு, இதயத்தின் பல்வலியைக் கண்டுபிடித்தவர் அவர்தான் என்று எழுதியிருந்தார். கூடவே, உடலை அறுத்துப் பாருங்கள், எந்தப் பிசாசு உள்ளே குடியிருந்தது என்று தெரியட்டும் என்றும். அனாடமி வகுப்பில் நண்பர்களிடம் இதைச் சொன்னபோது முதலில் சிரித்தோம். அப்புறம் சிரிப்பு நின்றுவிட்டது. விடுதியில் எங்களில் சிலருக்கும் அந்த வருடம் நன்றாகப் போகவில்லை.

அந்த வருடம்தான் அவருடைய பாட்டியும் இறந்திருந்தாள். குழந்தைப் பருவத்தில் அவனுக்கு இருந்த ஒரே நிழல் அவள், தவளைக்குக்கூடப் பரிதாபப்பட்டவள். புதைத்து ஏழு வாரம் கழித்துத்தான் உறவுக்காரப் பையன் ஒருவனிடமிருந்து கடிதம் வந்தது, கமாவே இல்லாத கடிதம். கோயில் வாசலில் பிச்சை எடுக்கும்போது விழுந்து கால் முறிந்தது, எட்டாம் நாள் புண் அழுகியது, அவ்வளவுதான் விஷயம். எங்கள் தாத்தா போன செய்தி எனக்கும் கசானில் வாட்ஸ்அப்பில் நான்கு வரியாகத்தான் வந்தது. அதைப் படித்த ராத்திரிதான் இதெல்லாம் வருகிற அந்த மூன்றாம் பாகத்தைத் தேடி எடுத்தேன்.

அவர் அழவில்லையாம். பாட்டியைப் பற்றி யாரிடமாவது சொல்ல வேண்டும்போல் இருந்தது, கேட்க ஆள் இல்லை. பல வருடம் கழித்து, மகன் செத்த துக்கத்தைக் குதிரையிடம் சொல்லும் வண்டிக்காரனைப் பற்றிய செகாவின் கதையைப் படித்தபோது அந்த நாட்கள் அவருக்கு நினைவு வந்தன. தன் பக்கத்தில் ஒரு குதிரையோ நாயோ இல்லாமல் போனதே என்று வருந்துகிறார். பேக்கரியில் எலிகள் நிறைய இருந்தன, அவற்றோடு நல்ல சிநேகம்தான், அவற்றிடமாவது சொல்லியிருக்கலாம், தோன்றவில்லையே என்கிறார்.

அடுத்த வாரம் மறுபடி போய் அந்தக் கீழ்த்தளத்தில் கொஞ்ச நேரம் நின்றேன். காவலுக்கு இருந்த அம்மா, மாணவனா, சாப்பிட்டாயா என்று கேட்டார்.