மறு: முன்னோட்டம் உண்டாக்கும் ‘மூட்’ – ‘மூட்டம்’ எனலாமா?

அக்கா, வணக்கம். முன்னோட்டம் (டிரெய்லர்) பார்க்கும்போது நம்மேல் கவியும் ‘மூட்’ என்பதைத் தமிழில் ‘மூட்டம்’ எனலாமா என்று கேட்டிருந்தேன். அதற்கு நீங்கள் எழுப்பிய கேள்விகளுக்கு ஒவ்வொன்றாகப் பதில்.

> ‘மனநிலை’ போதுமே, புதுச்சொல் எதற்கு?

போதாது என்றே எனக்குப் படுகிறது. மனநிலை ஓர் ஆளுக்குள் இருப்பது. முன்னோட்டமோ கதை தொடங்கும் முன்பே நம்மேல் எதையோ கவியவிடுகிறது. ஐப்பசியில் இங்கே பாம்பனில் வானம் கறுத்து, பெண்கடல் (வடக்கே இருக்கும் பாக் நீரிணைப் பக்கம்) அசையாமல் கிடந்தால் “மூட்டம் போட்டிருக்கு” என்போம். ஒரு துளி விழுந்திருக்காது. அதற்குள் காயப்போட்ட கருவாட்டை அள்ளத் தொடங்கிவிடுவார்கள். மர்மத் தொடரின் முன்னோட்டம் செய்வதும் இதுதான். மழை தொடருக்குள் இருக்கிறது.

என் கூடப்பிறந்த அக்காவின் மகளும் மூன்று கூட்டாளிகளும் போனிலேயே ஒரு மர்மத் தொடர் எடுக்கிறார்கள். எல்லாரும் ஒன்பதாம் வகுப்பு. முதலில் வெட்டிய முன்னோட்டம் தனுஷ்கோடியில் 1964 புயல் சிதைத்த தேவாலயத்தில் தொடங்கியது, பின்னால் தடதடவென்று இசை. பயமே வரவில்லை. அந்தச் சுவர் எல்லார் போனிலும் இருக்கிறது. இரண்டாவதில் நான்கு சைக்கிள்கள், சிரிப்பு, வெயில். அடுத்து அதே சாலை, பொழுது சாயும் நேரம், மூன்று சைக்கிள்கள். இசை இல்லை, காற்று மட்டும். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

> அப்படியானால் தொல்காப்பியர் சொன்ன ‘மெய்ப்பாடு’ இருக்கிறதே?

அது பார்ப்பவர் உடம்பில் தெரிவது. என் மயிர்க்கூச்சு மெய்ப்பாடு. அதை வரவழைத்த மூன்று சைக்கிள் மூட்டம். ஆனாலும் தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல் நமக்கு உதவும். மருட்கைக்கு, அதாவது வியப்புக்கு, புதுமையை முதற்காரணமாக வைக்கிறார். அச்சத்துக்கு அணங்கு (வருத்தும் தெய்வம், பேய்), விலங்கு, கள்வர், இறை (நம்மை ஆளும் பெரியவர்) என நான்கு. பதின்பருவக் கதையில் நான்காவதற்கே வலு அதிகம்: பிள்ளைகளிடம் எதையோ மறைக்கும் பெரியவர்கள். பேயைக் காட்டுவதைவிட, கேள்வி கேட்டதும் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் ஒரு வாத்தியாரைக் காட்டினால் மூட்டம் கூடும்.

> ஆங்கிலச் சொல்லின் ஒலியைத் தேடிப் போனதுபோல் இருக்கிறது.

ஒலி தற்செயலாக அமைந்தது, அக்கா. மேகமூட்டம், புகைமூட்டம் எல்லாம் நம் வீட்டுச் சொற்கள். ஆங்கிலத்தைப் பின்பற்ற வேண்டிய கட்டாயமும் இல்லை. டிரெய்லரை ஆரம்ப காலத்தில் படம் முடிந்தபின் ஓட்டினார்கள். பின்னால் வருவது என்ற பொருளில் அந்தப் பெயர் வந்தது. நம் ‘முன்னோட்டம்’ அதைவிடப் பொருத்தம்.

> நகைச்சுவைத் தொடருக்கும் மூட்டமா?

இல்லை, அங்கே இது பொருந்தாது. கல்யாண வீட்டை “களை கட்டிருச்சு” என்கிறோமே, அந்தக் களையை எடுத்துக்கொள்ளலாம். எல்லாவற்றுக்கும் பொதுவாக ஒரே சொல் வேண்டுமென்றால் ‘உணர்சூழல்’ இருக்கட்டும். நம் சொற்பட்டியலில் மர்மம், திகில் இரண்டுக்கும் மட்டும் ‘மூட்டம்’ என்று இட்டிருக்கிறேன், வினை ‘மூட்டம் போடுதல்’. சோகத்துக்கு உங்கள் ஊர்ப்பக்கம் ஏதேனும் சொல் புழங்கினால் எழுதுங்கள்.