1964 என்று போடுவதா, குரோதி என்று போடுவதா? அப்பாவின் அறுபதாம் கல்யாணத்துக்கு ஒரு பக்க வரலாறு

வத்திராயிருப்பு மகள்:

வரும் தை மாதம் அப்பாவுக்கு அறுபதாம் கல்யாணம். தாம்பூலப் பையில் தேங்காய், வெற்றிலையோடு ஒரு மடிப்புத் தாளும் வைக்கலாம் என்று எனக்கு ஆசை. அவர் பிறந்த வருஷத்தில் நாட்டில் என்னென்ன நடந்தது என்று ஒரே பக்கம். 12 வரிக்கு மேல் போனால் எழுத்து எறும்பு ஊர்கிற மாதிரி ஆகிவிடும் என்கிறார் அச்சகத்துக்காரர். நான் பொறுக்கிச் சேர்த்ததில் 41 ஆகிவிட்டது. நேரு மறைவு இருக்கிறது, பி.டி.உஷா பிறந்தது இருக்கிறது, சீனா அணுகுண்டு வெடித்தது இருக்கிறது, கூடவே ஏழெட்டு சினிமா. எதை வெட்டுவது?

இன்னொரு சிக்கலும் உண்டு. பள்ளிக்கூடச் சான்றிதழில் அப்பாவுக்கு 1964. ஜாதகத்தில் குரோதி வருஷம் தை மாதம். அதாவது 1965 ஜனவரி கடைசி. நான் திரட்டியதெல்லாம் 1964க்கு!

ரயிலடி ரமணி:

முதலில் பிறப்புகளைத் தூக்குங்கள். 1964 ஜூன் 27 அன்று கோழிக்கோடு மாவட்டத்தில் ஒரு பெண் குழந்தை பிறந்தது நாட்டுக்குச் செய்தியே இல்லை. 1984 லாஸ் ஏஞ்சலிஸில் நூறில் ஒரு நொடியில் வெண்கலம் கைநழுவியதே, அதுதான் செய்தி. உஷாவுக்கு இடம் 1984 பட்டியலில்.

கத்தரிக்கோல் தாத்தா:

அம்மா, இருபத்தாறு வருஷம் ஒரு பேப்பர் ஆபீசில் நூலகப் பிரிவில் இருந்தவன் நான். காலையில் கத்தரி, பசை, கட்டிங். டிசம்பர் வந்தால் 'இந்த ஆண்டு இந்தியா' பக்கத்துக்குத் தேதி எடுத்துக் கொடுக்க வேண்டும். அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வருஷக் கடைசிப் பக்கத்தை நம்பிப் பட்டியல் போடாதீர்கள். 20ஆம் தேதிவாக்கில் பக்கம் முடிந்துவிடும். அதற்குப் பிறகு நடந்ததற்கு அதில் இடம் இருக்காது. 2004இல் நாங்கள் எல்லாம் கோத்து முடித்து, ஞாயிற்றுக்கிழமை லீவில் வீட்டில் இருக்கிறேன், காலையில் கடல் ஏறிவிட்டது என்று போன். ஓடிப்போய் ஒட்டிய பக்கத்தைக் கிழித்தோம். 1964இலும் அதே கதைதான். தனுஷ்கோடிப் புயல் டிசம்பர் 22 நள்ளிரவு. உங்கள் 41இல் அது இருக்கிறதா என்று நீங்கள் சொல்லவில்லை. இல்லையென்றால் முதல் வேலையாகச் சேருங்கள். ஒரு ஊர் போனது, பாம்பனிலிருந்து கிளம்பிய பாசஞ்சர் வண்டி அப்படியே கடலுக்குள் போனது. பாம்பன் பாலத்தை 46 நாளில் ரயில்வே பொறியாளர் ஸ்ரீதரன் சரிசெய்ததை இந்த வரியிலேயே சேர்க்காதீர்கள், அது 1965. ரயிலில் எத்தனை பேர் என்ற எண்ணையும் போடாதீர்கள். 110 பயணிகள், 5 ஊழியர் என்று ஒரு கணக்கு உண்டு. டிக்கெட் எடுக்காமல் ஏறியவர்களை யார் எண்ணினார்கள்?

அடுத்தது சீன அணுகுண்டு. அக்டோபர் 16, லோப் நோர். அது சீனாவின் வரி. நம் பட்டியலில் வர வேண்டுமானால் நம் ஊரில் என்ன ஆனது என்று பாருங்கள். 24ஆம் தேதி நம் அணுசக்தி விஞ்ஞானி ஹோமி பாபா ஆகாசவாணியில் பேசினார், நாமும் குண்டு செய்வதா வேண்டாமா என்று நாடாளுமன்றம் அல்லோலப்பட்டது. அப்படி எழுதினால் அது இந்தியச் செய்தி.

பெரிய தலைப்பில் வந்ததெல்லாம் பெரிய நிகழ்ச்சி என்றும் எடுத்துக்கொள்ளாதீர்கள். ஜூலை 1 அன்று, சின்னச் சேமிப்புகளைத் திரட்டி முதலீடு செய்யும் யூனிட் டிரஸ்ட் பத்து ரூபாய் யூனிட் விற்க ஆரம்பித்தது. எங்கள் பழைய பைலில் அது உள்பக்கத்தில் ஒரு சாண் செய்தி. யூஎஸ்-64 என்று பெயரிலேயே வருஷத்தைச் சுமந்துகொண்டு நடுத்தரக் குடும்பங்களின் பீரோவுக்குள் போய் உட்கார்ந்தது. 2001 ஜூலையில் திரும்ப வாங்குவதை நிறுத்தியபோது நாடே கையைப் பிசைந்தது. அந்த ஒரு சாண் செய்திக்கு உங்கள் ஏழெட்டு சினிமாவையும் விட்டுக்கொடுக்கலாம். (சினிமாவில் ஒன்றே ஒன்று வேண்டுமென்றால் அக்டோபர் 10, இந்திப் பட இயக்குநர் குருதத் மறைவு.)

நேரு மே 27. குல்சாரிலால் நந்தா 13 நாள் இடைக்காலப் பிரதமர், அதைப் பலரும் விட்டுவிடுகிறார்கள், பாவம். ஜூன் 9 சாஸ்திரி. டோக்கியோ ஒலிம்பிக் ஹாக்கி இறுதி ஆட்டம் அக்டோபர் 23, பாகிஸ்தானை 1-0. 1960இல் ரோமில் அதே எண்ணில் நாம் தோற்றது நினைவில் இருந்தவர்களுக்கு அன்று தீபாவளி. இவை கட்டாயம்.

பெயர்களை அன்றைக்கு இருந்தபடி எழுதுங்கள். சென்னை மாநிலம், சிலோன்.

கூடலூர் தேயிலை:

தாத்தா சொன்னதில் ஒன்று விட்டுப்போனது. அக்டோபர் 30, டெல்லியில் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம். சிலோனில் குடியுரிமை இல்லாமல் இருந்த இந்திய வம்சாவளித் தோட்டத் தொழிலாளர் குடும்பங்களில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேருக்கு சிலோன் குடியுரிமை தரும், மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அந்த மிச்சத்தை 1974இல் ஆளுக்குப் பாதியாகப் பிரித்தார்கள். எங்கள் அப்பாயி ஹட்டன் பக்கம் தோட்டத்தில் கொழுந்து கிள்ளியவர். 1964 என்றால் அவருக்கு ஒன்றும் தெரியாது. கப்பல் ஏறிய வருஷம்தான் வருஷம், அது 1972. கையெழுத்துப் போட்ட தேதியையே எழுதுங்கள், வேறு வழியில்லை. ஆனால் 'இருநாட்டு ஒப்பந்தம்' என்று மொட்டையாக விடாமல் அந்த எண்ணையும் போடுங்கள். பெரியவர்கள் யாராவது படித்தால் புரிந்துகொள்வார்கள்.

ரயிலடி ரமணி:

இந்தித் திணிப்பை எதிர்த்துத் தீக்குளித்த கீழப்பழுவூர் சின்னசாமி? 1964 ஜனவரி 25, திருச்சி ரயில் நிலையம். அது மாநிலச் செய்தி, நாட்டுப் பட்டியலுக்கு வராது என்று யாராவது சொல்வதற்குள் நானே கேட்டுவிடுகிறேன்.

கத்தரிக்கோல் தாத்தா:

வரும் தம்பி, தாராளமாக வரும். ஒரு வருஷம் கழித்து அதே ஜனவரி 25இல் இந்தி எதிர்ப்புக் கிளர்ச்சியில் மாநிலமே பற்றி எரிந்தது, பிப்ரவரி 11இல் சாஸ்திரி வானொலியில் வாக்குறுதி கொடுக்க வேண்டியதாயிற்று. டெல்லியைப் பேச வைத்தது எப்படி மாநிலச் செய்தி ஆகும்?

ஆனால் இந்த அம்மாவின் தாளில் வராது. காரணம் வேறு. அப்பா குரோதி என்றால் தாளும் குரோதியாகவே இருக்கட்டுமே. 1964 ஏப்ரல் நடுவிலிருந்து 1965 ஏப்ரல் நடுவரை. அறுபது வருஷம் சுற்றி மறுபடி குரோதி வந்ததால்தானே இந்தக் கல்யாணமே! சின்னசாமி முந்தைய வருஷமான சோபகிருதுக்குப் போய்விடுவார், 1965 கிளர்ச்சி உள்ளே வந்துவிடும். இந்திய உணவுக் கழகத்துக்கும் இது வசதி. சட்டம் 1964, தஞ்சாவூரில் அலுவலகம் திறந்தது 1965 ஜனவரி 14. இங்கிலீஷ் வருஷத்தில் எதில் போடுவது என்று சண்டை வரும், குரோதியில் இரண்டும் ஒரே வரி. அந்த வருஷம் அரிசிக்கு நாடு பட்ட பாட்டுக்கு இதை விடவே கூடாது.

வத்திராயிருப்பு மகள்:

எல்லாருக்கும் நன்றி. குரோதி என்றே தலைப்பு வைத்துவிட்டேன், சான்றிதழ் தொல்லையும் ஒழிந்தது. புயல் என் பட்டியலில் இல்லைதான் தாத்தா, நல்ல வேளை.

நேற்று இரவு அப்பாவிடம் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்தார். ஹாக்கி வரியில் விரலை வைத்து, "ஒரு கோல்தான், மொகிந்தர் லால்" என்றார். அப்போது அவர் பிறக்கவே இல்லை! பிறகு, தை மாதம் இந்திக் கலவரத்தில் பஸ் ஓடாமல் அப்பத்தாவை மாட்டு வண்டியில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன கதையைச் சொன்னார். இத்தனை வருஷத்தில் நான் கேட்டதே இல்லை. அதை நாட்டு வரலாற்றில் போட முடியாது, தாளின் பின்பக்கம் காலியாக இருக்கிறது, அங்கே போகிறது.

ஒப்பந்த வரியில் எண்ணைச் சேர்த்ததும் அது இரண்டு வரியாகிவிட்டது. மொத்தம் 13. நந்தாவை நேரு வரியிலேயே நெருக்கி உட்கார வைத்திருக்கிறேன், வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது.