படையில் சேருவதற்கு முன் எதைச் சொல்ல வேண்டும், எப்போது சொல்ல வேண்டும்?

வினா: வழித்துணை

வணக்கம். பள்ளிப் படிப்பை முடிக்கும் மாணவர்களுக்குத் தொழில் வழிகாட்டுவது என் பணி. ஆண்டுதோறும் அவர்களில் சிலர் இராணுவத்தில் சேர விரும்புகிறார்கள். அந்த வாழ்க்கையைப் பற்றி அவர்கள் அறிந்ததெல்லாம் ஆள்சேர்ப்புத் துண்டறிக்கைகளிலும் சீருடை அணிந்தவர்களின் காணொளிகளிலும் கண்டவை மட்டுமே. ஆகவே, கையெழுத்திடுவதற்கு முன் அவர்கள் படிக்கும்படி ஒரு சிறு கையேடு எழுத எண்ணியிருக்கிறேன்.

எனக்கு இரண்டு ஐயங்கள் உண்டு. உள்ளதை உள்ளபடி எழுதினால், நன்கு தேறக்கூடியவர்களும் பின்வாங்கிவிடுவார்களோ என்பது முதலாவது. உடன் பணிபுரியும் ஒருவர், இது ஊக்கத்தைக் கெடுக்கும் வேலை என்றே சொல்லிவிட்டார். இரண்டாவதுதான் என்னை அதிகம் உறுத்துகிறது. "அங்கே மிகவும் கடினமாக இருக்கும்" என்று எந்த மாணவரிடம் சொன்னாலும், "தெரியும் ஐயா, அதற்குத் தயாராகத்தான் இருக்கிறேன்" என்ற பதில் உடனே வருகிறது. எச்சரிக்கையே அவர்களுக்கு ஈர்ப்பாகிவிடுகிறது. அப்படியானால் எத்தகைய தகவல் அவர்களை உண்மையிலேயே சிந்திக்க வைக்கும்?

மறுமொழி: அளவுகோல்

பணியாளர் உளவியல் கற்பிப்பவன் என்ற முறையில், தங்கள் முதல் ஐயத்துக்கு ஆய்வுகளின் துணையோடு ஓரளவு பதில் சொல்ல முடியும். வேலையின் நன்மை தீமை இரண்டையும் முன்கூட்டியே காட்டிவிட்டால் சேர்ந்தவர்கள் இடையில் விலகுவது குறையுமா என்ற கேள்வியை ஜான் வானஸ் என்பவர் 1970களில் தொலைபேசி இணைப்பகப் பணியாளர்களிடம் சோதித்துப் பார்த்தார். இராணுவத்திலும் இது சோதிக்கப்பட்டது. அமெரிக்காவின் வெஸ்ட் பாயிண்ட் இராணுவக் கல்லூரியில் சேரவிருந்தவர்களுக்கு, அங்குள்ள வாழ்க்கையை ஒளிவின்றி விவரிக்கும் கையேடு அனுப்பப்பட்டதைப் பற்றிய ஆய்வு 1974இல் வெளிவந்தது. கையேட்டைப் பெற்றவர்களிடையே விலகல் குறைவாக இருந்தது. தென் கரோலினாவின் பாரிஸ் ஐலண்டில் கடற்படைக் காலாட்படையின் புதிய வீரர்களுக்குப் பயிற்சியைப் பற்றிய படமொன்றைத் திரையிட்டபோதும் இதே போக்குத் தென்பட்டது. பின்னர் இத்தகைய ஆய்வுகளையெல்லாம் தொகுத்துக் கணக்கிட்டவர்கள், விளைவு உண்டு, ஆனால் சிறியது என்ற முடிவுக்கே வந்தார்கள். ஆகவே கையேடு ஒன்றே எல்லாவற்றையும் மாற்றிவிடும் என்று எதிர்பார்க்க வேண்டாம்.

தங்களுடன் பணிபுரிபவரின் அச்சத்துக்கு நேரடியாகத் தொடர்புடைய ஆய்வு 1988இல் வெளிவந்தது. மெக்லினோவும் உடன் ஆய்வாளர்களும் அமெரிக்கத் தரைப்படைப் பயிற்சியாளர்களிடம் இரண்டு வகையான முன்னோட்டங்களைச் சோதித்தார்கள். ஒன்று, மிகையான கனவுகளைத் தணிப்பது. மற்றொன்று, மிகையான அச்சங்களைத் தணிப்பது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தவர்களிடையேதான் நல்ல பலன் கிடைத்தது. கடுமையை மட்டும் அடுக்கிக்கொண்டு போவதும் ஒருவகையில் பொய்யான சித்திரம்தான்; பயிற்றுநர் ஏன் கத்துகிறார், முதல் வாரங்களில் தோன்றும் "திரும்பிப் போய்விடலாம்" என்ற எண்ணம் எவ்வளவு பொதுவானது, அதைக் கடந்தவர்கள் எப்படிக் கடந்தார்கள் என்பனவும் உண்மையின் பகுதிகளே.

ஒரு நுட்பத்தை மட்டும் கவனிக்க வேண்டும். பாரிஸ் ஐலண்டில் படம் பார்த்தவர்கள் ஏற்கெனவே சேர்ந்துவிட்டவர்கள். எனவே அங்கே கிடைத்த பலன், பொருந்தாதவர்கள் தாமாக ஒதுங்கியதால் வந்ததன்று. வரப்போவதை அறிந்து மனத்தைத் தயார்படுத்திக்கொண்டதால் வந்திருக்க வேண்டும். தாங்கள் விரும்புவதோ முடிவெடுக்க உதவுவது. அந்த நோக்கத்துக்கு, தகவல் எவ்வளவு நேர்மையானது என்பதற்கு இணையாக, அது வந்து சேரும்போது விலகும் வழி இன்னும் திறந்திருக்கிறதா என்பதும் முக்கியமாகிறது. படை நிர்வாகத்துக்கு விலகல் குறைந்தால் போதும். மாணவருக்கு அப்படியன்று; சேராமல் இருப்பதும் அவருக்கு ஒரு நல்ல முடிவாக அமையலாம்.

மறுமொழி: பழைய முகாம்

நான் படையிலிருந்து ஓய்வு பெற்றவன். மாணவர்கள் "தயார்" என்று சொல்வதில் பொய் இல்லை. அவர்கள் மனத்தில் இருக்கும் கடினம் ஓட்டம், சுமை, சேறு, வசவு ஆகியவைதான். அவற்றைப் பெரும்பாலோர் தாங்கிவிடுகிறார்கள். அவர்கள் எண்ணிப் பார்க்காத வேறு கடினங்கள் இருக்கின்றன. எப்போது உறங்குவது, எங்கே வசிப்பது, யாரோடு அறையைப் பகிர்வது என்ற எதிலும் தன் சொல் செல்லாது என்பதை ஒருவர் முதல் மாதத்தில் பொறுத்துக்கொள்வார். மூன்றாம் ஆண்டிலும் அதே நிலை தொடரும்போதுதான் அதன் எடை தெரியும். காத்திருப்பு, துப்புரவு, காவற்பணி, கணக்கெடுப்பு என்று பெரும்பாலான நாட்கள் கழியும். வீட்டில் ஒரு சாவு நேர்ந்தால், விடுப்புக் கிடைக்குமா என்பதை வேறொருவர் முடிவு செய்வார். விரும்பிக் கேட்ட தொழிற்பிரிவு கிடைக்காமல், வேறொரு பிரிவில் முழுப் பணிக்காலத்தையும் கழித்தவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

உடலைப் பற்றியும் எழுதுங்கள். போர்க்காயம் எல்லோர் கற்பனையிலும் இருக்கிறது. முழங்காலும் முதுகும் செவியும் யார் நினைவிலும் இல்லை. அமெரிக்க முன்னாள் படைவீரர்களுக்கு இழப்பீடு வழங்கப்படும் பாதிப்புகளில் மிகப் பரவலானது காதிரைச்சல் என்பதைச் சொன்னால் இளைஞர்கள் வியக்கிறார்கள். ஒரு குண்டும் தன்மேல் படாதவருக்கும் அது வரும்.

எல்லாவற்றுக்கும் மேலாக ஒன்று. சாக நேரலாம் என்பதைத் துண்டறிக்கைகள்கூடத் தியாகம் என்ற சொல்லால் தொட்டுச் செல்கின்றன. கொல்லும்படி கட்டளை வரலாம் என்பதை எவரும் சொல்வதில்லை. சமையற்கூடத்தில் பணிபுரிபவரும் அந்த அமைப்பின் உறுப்பினரே. இதை ஒரு வாக்கியத்திலாவது, அலங்காரமின்றி எழுதுங்கள், படித்தவரே யோசித்துக்கொள்ளட்டும்.

மறுமொழி: எதிர்க்கரை

ஆள்சேர்ப்புப் பணியில் சில காலம் இருந்தவன் என்பதால் மறுபக்கத்தையும் சொல்கிறேன். எங்களுக்கு மாத இலக்கு இருந்தது. கேட்கப்பட்ட கேள்விக்குப் பொய் சொல்லக்கூடாது என்பது விதி. கேட்கப்படாத கேள்விக்கு யாரும் பதில் சொல்லிக்கொண்டிருக்கவில்லை. மிகையான ஆசையோடு வந்தவர் பயிற்சியின் நடுவே வெளியேறினால் அந்த இடமும் செலவும் வீண்தான். ஆனால் அந்தக் கணக்கு எழுதப்படுவது பயிற்சி மையத்தில். எங்கள் பலகையில் எழுதப்படுவது எத்தனை பேர் சேர்ந்தார்கள் என்பது மட்டுமே. எனவே நேர்மையான கையேடு ஆள்சேர்ப்பு அலுவலகத்துக்கு வெளியிலிருந்து வருவது நல்லதுதான். ஆனால் படையின்மேல் தங்களுக்கு இருக்கக்கூடிய விருப்பு வெறுப்பு அதில் கலந்துவிட்டால், வறுமையிலிருந்து வெளியேற வேறு வழி இல்லாத ஒருவரிடம் அவருக்கு இருக்கும் ஒரே கதவைப் பற்றி அவதூறு பேசியது போலாகும். ஊதியம், பயிற்சி, மருத்துவ வசதி, தோழமை இவையும் மெய்யானவை. அவற்றையும் அதே நிதானத்தோடு எழுதுங்கள்.

மறுமொழி: விதிமுறை

இதுவரை பேசப்படாத ஒப்பந்தத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். அமெரிக்க ஆள்சேர்ப்பு ஒப்பந்தப் படிவத்தை எடுத்துக்காட்டாகக் கொள்ளுங்கள். அதிலும் அதன் இணைப்புகளிலும் எழுதப்பட்டவற்றைத் தவிர வேறு எவர் அளித்த வாக்குறுதியும் செல்லாது என்று அதுவே கூறுகிறது. சட்டங்களும் விதிகளும் முன்னறிவிப்பின்றி மாறலாம், அதனால் ஊதியமும் சலுகைகளும் பொறுப்புகளும் மாறலாம் என்றும் அதில் இருக்கிறது. வேலை வழங்குபவர் மட்டும் நிபந்தனையை மாற்றலாம், சேர்ந்தவர் விலக முடியாது என்ற ஏற்பாட்டுக்குச் சாதாரண வேலைகளில் இணை கிடையாது. அங்கே கடப்பாடு பொதுவாக மொத்தம் 8 ஆண்டுகள். 4 ஆண்டுகள் முழுநேரப் பணி முடித்து வீடு திரும்பியவரும் எஞ்சிய காலத்தில் இருப்புப் படையிலிருந்து மீண்டும் அழைக்கப்படலாம். அதே நாட்டில், பதிவு செய்துவிட்டுப் பயிற்சிக்குப் புறப்படக் காத்திருக்கும் காலத்தில் மனம் மாறியவர் விலகிக்கொள்ளவும் வழி உண்டு. அது தெரியாதவர், இன்னும் மூடப்படாத கதவை மூடிவிட்டதாக எண்ணிக்கொண்டு புறப்பட்டுவிடுவார்.

தங்களுடன் பணிபுரிபவருக்குக் காட்ட ஒன்று: ஆயுத மோதல்களில் சிறுவர்கள் ஈடுபடுத்தப்படுவதைப் பற்றி ஐ.நா. பொது அவை 2000இல் ஏற்ற விருப்ப நெறிமுறை, 18 வயது நிரம்பாதவரைத் தன்விருப்பின்பேரில் சேர்க்க அனுமதிக்கும் நாடுகளுக்குச் சில நிபந்தனைகளை விதிக்கிறது. சேர்க்கை உண்மையிலேயே தன்விருப்பானதாக இருப்பதும், பெற்றோர் அல்லது காப்பாளர் விவரம் அறிந்து ஒப்புதல் அளிப்பதும் அவற்றில் அடங்கும். சேருபவருக்கு அப்பணியின் கடமைகள் முழுமையாகத் தெரிவிக்கப்பட வேண்டும் என்பதும் அவற்றுள் ஒன்று. தாங்கள் செய்யவிருப்பது ஊக்கத்தைக் கெடுப்பது என்றால், இந்த நெறிமுறையையும் அப்படித்தான் சொல்ல வேண்டியிருக்கும்.

வழித்துணை

அனைவருக்கும் நன்றி. "கடினம்" என்ற சொல்லைக் கையேட்டிலிருந்து முற்றிலும் நீக்கிவிட்டு, ஒரு சாதாரண நாளின் மணிவாரியான விவரத்தை அங்கே வைக்கப் போகிறேன். எதிர்க்கரை சுட்டியதற்கு இணங்க, ஊதியத்தையும் வசதிகளையும் முதற்பக்கத்திலேயே எழுதுவேன். கொல்லும் கட்டளை பற்றிய வாக்கியத்தை எங்கே வைப்பது என்பதில்தான் இன்னும் தெளிவில்லை. முதலில் வைத்தால் மற்றவற்றைப் படிக்கமாட்டார்கள், கடைசியில் வைத்தால் மறைத்து வைத்தது போலிருக்கும்.

மறுமொழி: பழைய முகாம்

கடமைகளை விவரிக்கும் இடத்தில், காவற்பணிக்கும் ஆயுதப் பராமரிப்புக்கும் அடுத்ததாக வையுங்கள். பணியின் பகுதியாகத்தான் அது அங்கே இருக்கிறது. இன்னொன்று: கையேட்டை மாணவரிடம் மட்டும் கொடுக்காதீர்கள், வீட்டில் ஒருவரும் படித்துவிட்டு, ஆள்சேர்ப்பு அலுவலரிடம் கேட்க வேண்டிய கேள்விகளை இருவரும் சேர்ந்து எழுதிக்கொண்டு போகும்படி, கடைசிப் பக்கத்தை வெறுமையாக விடுங்கள். அலுவலர் அளிக்கும் பதிலுக்கு எதிரே, அது ஒப்பந்தத்தின் எந்தப் பத்தியில் இருக்கிறது என்று குறிக்கவும் ஓர் இடம் இருக்கட்டும்.