அப்டேட் பாதியில் நின்ற உபுண்டு: பெங்களூரு நண்பர்களின் அனுபவங்கள்

ராஜாஜிநகரிலிருந்து:
இங்கே கோடை மழையில் கரண்ட் போனால், ஜெனரேட்டர் எடுப்பதற்குள் யுபிஎஸ் இல்லாத டெஸ்க்டாப் அணைந்துவிடும். அந்நேரம் உபுண்டுவில் மென்பொருள்களை நிறுவி அப்டேட் செய்யும் ஆப்ட் ஓடிக்கொண்டிருந்தால் பேக்கேஜ்கள் (மென்பொருள் தொகுப்புகள்) பாதியில் நிற்கும். ஆப்ட்டுக்குக் கீழே நிறுவும் வேலையைச் செய்யும் டிபிகேஜி முதலில் ஃபைல்களைப் பிரித்து வைக்கும், பிறகுதான் கான்ஃபிகர் செய்யும். எது எங்கே நின்றது என்று 'சூடோ டிபிகேஜி --ஆடிட்' காட்டும். அடுத்து 'சூடோ டிபிகேஜி --கான்ஃபிகர் -ஏ'. டிபென்டன்சி (ஒரு பேக்கேஜுக்குத் தேவையான மற்ற பேக்கேஜ்) குறையால் அது நின்றால் 'சூடோ ஆப்ட் --ஃபிக்ஸ்-புரோக்கன் இன்ஸ்டால்'. பெரும்பாலும் இதோடு சரியாகிவிடும்.

அல்சூரிலிருந்து:
ஆப்ட் ஓட்டும்போது லாக் (ஒரே நேரத்தில் இருவர் மாற்றாமல் தடுக்கும் பூட்டு) கிடைக்கவில்லை என்று வந்தால், தயவுசெய்து லாக் ஃபைலை அழிக்காதீர்கள். அந்த ஃபைல் எப்போதும் அங்கேயே இருக்கும். பூட்டைப் பிடித்திருப்பது ஒரு ப்ராசஸ். அது முடிந்தால் பூட்டும் விடுபடும். ரீபூட் செய்த பிறகும் வருகிறதா? பெரும்பாலும் பின்னணியில், தானாக அப்டேட் செய்யும் அன்அட்டெண்டட்-அப்கிரேட்ஸ் ஓடிக்கொண்டிருக்கும். 'சூடோ எல்எஸ்ஓஎஃப் /வார்/லிப்/டிபிகேஜி/லாக்-ஃப்ரன்ட்எண்ட்' கொடுத்தால் பூட்டைப் பிடித்திருக்கும் ப்ராசஸ் எதுவென்று தெரியும். அது முடியும்வரை காத்திருங்கள். நடுவில் பூட்டை உடைத்து இன்னொரு ஆப்ட்டை ஓட்டினால் டிபிகேஜியின் ஸ்டேட்டஸ் பதிவே கெடலாம்.

ஜெயநகரிலிருந்து:
கான்ஃபிகர் ஒவ்வொரு முறையும் இனிட்ராம்எஃப்எஸ் (கர்னல் தொடங்கும்போது பயன்படுத்தும் சிறு ஃபைல் தொகுப்பு) வரியில் விழுந்தால், /பூட்டில் இடம் இருக்கிறதா என்று 'டிஎஃப் -ஹெச் /பூட்' கொடுத்துப் பாருங்கள். டிஸ்க்கை என்க்ரிப்ட் செய்த மெஷினில் /பூட் தனிப் பார்ட்டிஷன். பழைய கர்னல்கள் (சிஸ்டத்தின் மையப் பகுதியின் முந்தைய பதிப்புகள்) சேர்ந்து அது 100% நிரம்பிவிடும். அந்த நிலையில் 'ஆப்ட் ஆட்டோரிமூவ்'கூடப் பல நேரம் மறுக்கும், டிபென்டன்சி உடைந்திருப்பதால். 'யூநேம் -ஆர்' காட்டும், இப்போது ஓடும் கர்னலைத் தொடக் கூடாது. அதைவிடப் பழைய ஒரு பதிப்பின் இமேஜ், மாட்யூல்ஸ், மாட்யூல்ஸ்-எக்ஸ்ட்ரா மூன்றையும் ஒரே கட்டளையில் 'டிபிகேஜி --பர்ஜ்' செய்யுங்கள். தனித்தனியே எடுத்தால் ஒன்றையொன்று பிடித்துக்கொள்ளும். இடம் வந்ததும் கான்ஃபிகர், பிறகு 'சூடோ அப்டேட்-க்ரப்'.

ரீபூட் செய்யும் முன் /பூட்டில் புதிய கர்னலுக்குரிய இனிட்ஆர்டி (இனிட்ராம்எஃப்எஸ் ஃபைல்) இருக்கிறதா என்று பாருங்கள். அது இல்லாமல் ஏறினால் ரூட் பார்ட்டிஷனை மவுன்ட் செய்ய முடியாமல் கர்னல் பேனிக் வந்து சிஸ்டம் நின்றுவிடும். அப்படி வந்துவிட்டால் தொடக்கத்தில் வரும் க்ரப் மெனுவின் அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸில் பழைய கர்னலைத் தேர்ந்தெடுத்து, உள்ளே போய் 'சூடோ அப்டேட்-இனிட்ராம்எஃப்எஸ் -சி -கே' என்று புதிய பதிப்பு எண்ணோடு கொடுங்கள்.

ஒயிட்ஃபீல்டிலிருந்து:
எஸ்எஸ்ஹெச் வழியாக தூரத்திலிருந்து சர்வரை அப்டேட் செய்பவர்கள், இணைப்பு போனாலும் டெர்மினலைத் தொடர்ந்து வைத்திருக்கும் டீமக்ஸுக்குள் ஓட்டுங்கள். வைஃபை விழுந்தாலும் வேலை நிற்காது. மீண்டும் இணைந்து 'டீமக்ஸ் அட்டாச்' போட்டால் கான்ஃபிக் ஃபைலை மாற்றவா என்ற கேள்வி அப்படியே காத்திருக்கும். சந்தேகமிருந்தால் N என்ற எழுத்தைக் கொடுங்கள், உங்கள் பழைய ஃபைல் மாறாது. புதியது பக்கத்தில் '.டிபிகேஜி-டிஸ்ட்' என்று இருக்கும்.