நுண்ணுயிர்ப் பரிணாமமும் மூலக்கூறு உயிரியலும்: எதைப் படித்தபோது உங்களுக்குப் பிடி கிடைத்தது?

அகார் தட்டு:
பாடநூலில் வரும் கிரிஃபித்தின் எலிகள், லாக் ஒபரான் எல்லாம் படித்துத் தேர்வும் எழுதியாகிவிட்டது. இதையெல்லாம் எப்படிக் கண்டுபிடித்தார்கள், பாக்டீரியா பரிணாமம் அடைவதை எப்படிப் பிடித்தார்கள் என்பது மட்டும் இன்னும் மண்டையில் ஏறவில்லை. 'கட்டாயம் படிக்கவேண்டியவை' என்ற பட்டியல் வேண்டாம், அது எல்லா இடத்திலும் கிடைக்கிறது. நீங்கள் எதைப் படித்தீர்கள், படிக்கும்போது என்ன ஆயிற்று? அதைச் சொல்லுங்கள்.

கணக்கு வாத்தியார்:
நான் உயிரியல்காரன் இல்லை, பிளஸ் டூவுக்குக் கணக்கு எடுப்பவன். பாய்சான் பரவலுக்கு (அபூர்வமாக, தற்செயலாக நடப்பவற்றின் எண்ணிக்கை எப்படி அமையும் என்று சொல்லும் கணக்கு) உயிருள்ள உதாரணம் ஒன்று தேடப்போய், 1943-ல் 'ஜெனெட்டிக்ஸ்' இதழில் வந்த லூரியா – டெல்புரூக் கட்டுரை கையில் சிக்கியது. லூரியா இத்தாலியிலிருந்து தப்பி வந்த மருத்துவர். டெல்புரூக் ஜெர்மனியில் இயற்பியல் படித்தவர்.

ஈ.கோலை பாக்டீரியாவைக் கொல்லும் வைரஸ் ஒன்றைத் தட்டில் பரப்பி, அதன்மேல் கோடிக்கணக்கில் பாக்டீரியாவை விட்டால் அநேகமாக எல்லாம் செத்துப்போகும். ஏதோ ஒருசில பிழைத்துக் காலனியாக வளரும். பிழைத்தவை வைரஸ் பட்ட பிறகு மாறியவையா, அல்லது வைரஸ் வருவதற்கு முன்பே எப்போதோ தற்செயலாக மாறிக்கிடந்தவையா? இதுதான் கேள்வி. பாக்டீரியாவைக் கூப்பிட்டு வைத்து விசாரிக்க முடியாது, அதனால் கணக்கிடம் போனார்கள்.

வழி தோன்றிய இடம்தான் வேடிக்கை. இந்தியானா பல்கலைக்கழகத்தில் ஆசிரியர்களுக்கான ஒரு நடன விருந்து. சக ஆசிரியர் ஒருவர் ஸ்லாட் மெஷினில் காசு போட்டுப் போட்டு விட்டுக்கொண்டிருந்தார், திடீரென்று ஒருமுறை கொட்டோ கொட்டென்று கொட்டியது. பார்த்துக்கொண்டிருந்த லூரியாவுக்கு அங்கேதான் விளங்கியது. மாற்றம் முன்கூட்டியே நடப்பதென்றால் தனித்தனிக் குழாய்களில் வளர்த்த பாக்டீரியாவிலும் இதே கோலம் தெரியவேண்டும். ஒரு குழாயில் சீக்கிரமே ஒன்று மாறிவிட்டால் அதன் வாரிசுகள் ஏராளமாகப் பெருகியிருக்கும். கடைசி நேரத்தில் மாறியிருந்தால் ஒன்றிரண்டுதான் தேறும். வைரஸ் பட்ட பிறகுதான் மாறுகின்றன என்றால் இந்த ஏற்ற இறக்கத்துக்கே வழியில்லை, எல்லாக் குழாயிலும் ஏறத்தாழ ஒரே எண்ணிக்கை வரவேண்டும்.

ஒரு சோதனையின் விவரம் இது. மொத்தம் 20 குழாய்கள். அவற்றில் 11-ல் பூஜ்யம். மற்றவற்றில் 1, 3, 5, 5, 6, 1 என்று சில்லறை. ஒன்றில் 35, ஒன்றில் 64, ஒன்றில் 107! சராசரி 11.35, எண்கள் எவ்வளவு சிதறிக் கிடக்கின்றன என்று காட்டும் விலக்க வர்க்கச் சராசரியோ 700-ஐ ஒட்டி நிற்கிறது. பாய்சான் பரவலில் இரண்டும் சமமாக இருக்கவேண்டும் அல்லவா? ஒரே வளர்ப்பிலிருந்து எடுத்த 10 மாதிரிகளில் அப்படித்தான் இருந்தது: சராசரி 16.7, விலக்க வர்க்கச் சராசரி சுமார் 15.

இந்த எண்களைக் கரும்பலகையில் எழுதி, எங்கிருந்து வந்தவை என்று சொல்லாமல் கணக்குப் போடச் சொன்னேன். கடைசி பெஞ்சிலிருந்து ஒரு பையன், "சார், அந்த 107 தப்பா எண்ணியிருப்பாங்க, அதை அடிச்சிடலாம்" என்றான். அதை அடித்தால் கட்டுரையே இல்லை என்று அப்புறம்தான் கதையைச் சொன்னேன். பூஜ்யங்களும் வீணில்லை. 20-ல் 11 என்றால் 0.55, அதன் இயல் மடக்கையைக் குறி மாற்றினால் ஏறக்குறைய 0.6. அதாவது குழாய் ஒன்றுக்குச் சராசரியாக 0.6 சடுதிமாற்றம், மரபணுவில் தற்செயலாக நேரும் மாற்றம். ஒன்றுமே வளராத குழாய்களை வைத்து ஒரு வீதத்தைக் கணக்கிட முடிகிறது என்பதில் எனக்கு இன்றும் ஆச்சரியம் தீரவில்லை. கட்டுரை இணையத்தில் இலவசம். கணிதப் பகுதி கடினம், அதைத் தாண்டிவிட்டு அட்டவணைகளைப் பாருங்கள்.

மூன்றாம் அலமாரி:
வாத்தியார் சார் சொல்வதை மறுக்கவில்லை, ஆனால் புதிதாக வருபவரை 1943 கட்டுரையில் தள்ளிவிடுவது கொஞ்சம் கொடுமை. மனிதர்கள் வழியாக உள்ளே போங்கள். எனக்கு வாசல் திறந்தது ஹொரேஸ் ஜட்சனின் 'தி எய்த் டே ஆஃப் கிரியேஷன்', 1979-ல் வந்தது. தலையணை அளவு. சம்பந்தப்பட்ட விஞ்ஞானிகளை உட்காரவைத்துப் பேசிப் பேசி எழுதியது.

மரபணுவின் செய்தியை ரைபோசோமுக்கு, அதாவது செல்லில் புரதம் செய்யும் இடத்துக்கு, எடுத்துச்செல்லும் தூது ஆர்.என்.ஏ பற்றிய பகுதியைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் இல்லை. 1960-ல் உயிரியலாளர்கள் ஜேக்கப்பும் பிரென்னரும் அமெரிக்காவின் கால்டெக் நிறுவனத்தில் மெசல்சனோடு சேர்ந்து ஒரு சோதனை செய்கிறார்கள். சீசியம் குளோரைடு கரைசலில் ரைபோசோம்களை வைத்து அதிவேகமாகச் சுழற்றவேண்டும். ரைபோசோம் ஒவ்வொரு முறையும் உடைந்து போகிறது, திரும்புகிற நாளும் நெருங்குகிறது. மனம் விட்டுப்போய்க் கடற்கரையில் கிடக்கிறார்கள். பிரென்னர் துள்ளி எழுந்து "மக்னீசியம்!" என்று கத்துகிறார். ரைபோசோமைக் கட்டி வைத்திருப்பது மக்னீசியம், அளவுக்கு மீறிய சீசியம் அதை இடம்பெயர்த்துவிடுகிறது, அவ்வளவுதான். மக்னீசியத்தைத் தாராளமாகப் போட்டார்கள், சோதனை கைகூடியது. பாடநூலில் இது "தூது ஆர்.என்.ஏ 1961-ல் கண்டறியப்பட்டது" என்று ஒரு வரி.

பரிணாமத்துக்கு ஜேக்கப்பே 1977-ல் 'சயின்ஸ்' இதழில் எழுதிய 'எவலூஷன் அண்ட் டிங்கரிங்' போதும். இயற்கை திட்டம் போட்டுக் கட்டும் பொறியாளர் இல்லை, கையில் கிடைத்த பழைய சாமானை ஒட்டுப்போட்டு ஓட்டும் ஆள் என்கிறார். அதில் கணக்கே கிடையாது.

நைட் ட்யூட்டி:
நான் மருத்துவமனை ஆய்வகத்தில் கல்ச்சர் பார்க்கிறவள், அதாவது நோயாளியின் கிருமியை வளர்த்து எந்த மருந்து கேட்கும் என்று பார்ப்பது. எனக்கு இது படிப்பு இல்லை, பிழைப்பு. தினமும் தட்டில் மருந்து வட்டுகளைச் சுற்றிக் கிருமி வளராமல் தெளிந்திருக்கும் வளையத்தை ஸ்கேல் வைத்து அளந்து, எஸ் (மருந்துக்கு அடங்கும்) அல்லது ஆர் (அடங்காது) என்று எழுதி அனுப்புவோம். வளையத்துக்குள்ளே தனியாக ஒன்றிரண்டு காலனி நிற்கும். கலப்படமா என்று மறுபடி போட்டுப் பார்ப்போம். பல முறை அது கலப்படமே இல்லை. வாத்தியார் சாரின் கதையைப் படித்ததும் அந்தக் காலனிகள்தான் கண்முன் வந்தன.

என்னை உலுக்கியது 1963-ல் வாட்டனபே எழுதிய ஒரு நீண்ட மதிப்புரை, 'பாக்டீரியாலஜிகல் ரிவ்யூஸ்' இதழில் வந்தது. போருக்குப் பிந்தைய ஜப்பானில் ரத்தபேதிக்குக் காரணமான ஷிகெல்லா முதலில் சல்ஃபா மருந்துக்கு அடங்க மறுத்தது. சடுதிமாற்றம் என்று வைத்துக்கொள்ளலாம். 1950-களில் சல்ஃபா, ஸ்ட்ரெப்டோமைசின், டெட்ராசைக்ளின், குளோராம்ஃபெனிகால் என நான்குக்கும் ஒரே நேரத்தில் அடங்காத கிருமிகள் வந்தன. நான்கு தனித்தனிச் சடுதிமாற்றங்கள் ஒரே செல்லில் தற்செயலாகச் சேர்வதற்கு வாய்ப்பு மிக மிகக் குறைவு. குடலில் இருக்கும் ஈ.கோலை, எதிர்ப்பை மொத்தமாக ஒரு மூட்டையாக ஷிகெல்லாவுக்குக் கைமாற்றிக் கொடுக்கிறது என்று அங்கே நிரூபித்தார்கள். அந்த மூட்டையை இன்று பிளாஸ்மிட் என்று சாதாரணமாகச் சொல்கிறோம். இவ்வளவும் அன்றே அச்சில் இருந்திருக்கிறது, நாம் இன்னமும் சளிக்கு ஆன்டிபயாடிக் வாங்கிச் சாப்பிடுகிறோம்.

படிக்க நேரமில்லை என்பவர்களுக்கு ஒரு வீடியோ. 2016-ல் ஹார்வர்டில் கிஷோனி குழு 120 சென்டிமீட்டர் நீளம், 60 சென்டிமீட்டர் அகலத்தில் ஒரு ராட்சதத் தட்டு செய்தார்கள். நடுவை நோக்கிப் போகப்போகப் பட்டைக்குப் பட்டை மருந்தின் அளவு கூடும். ஈ.கோலை ஒவ்வொரு எல்லையிலும் வந்து முட்டி நிற்கும், எங்கோ ஒரு புள்ளியில் ஒன்று உடைத்துக்கொண்டு விசிறிபோல் பரவும், அடுத்த எல்லையில் மறுபடியும் நிற்கும். கட்டுரையையும் படித்தால் வீடியோவில் தெரியாத ஒன்று கிடைக்கும். அதிக எதிர்ப்பு உள்ள சில வகைகள் முன்வரிசைக்குப் பின்னால் மாட்டிக்கொண்டு நகர முடியாமல் கிடந்தன. முன்னால் போனவை எல்லாம் பலசாலிகள் அல்ல, இடம் நல்லதாக அமைந்தவை.

உறைபெட்டி:
அக்கா சொன்ன ராட்சதத் தட்டு 11 நாள் கதை. பொறுமை இருந்தால் உயிரியலாளர் லென்ஸ்கியின் நீண்டகாலச் சோதனையைப் பாருங்கள். 1988 பிப்ரவரி 24-ல் 12 குடுவைகளில் ஈ.கோலையோடு தொடங்கியது. தினமும் நூற்றில் ஒரு பங்கை எடுத்துப் புதுக் குடுவையில் விடுவார்கள். ஒவ்வொரு 500 தலைமுறைக்கும் ஒரு மாதிரியை உறையவைப்பார்கள். எப்போது வேண்டுமானாலும் மூதாதையை உயிரோடு எழுப்பிப் பேரனோடு போட்டிக்கு விடலாம்.

ஆக்ஸிஜன் இருக்கும்போது ஈ.கோலையால் சிட்ரேட் என்ற உப்பைச் சாப்பிட முடியாது. அந்த வகையை அடையாளம் காணும் சோதனைகளில் அதுவும் ஒன்று. சுமார் 31,500 தலைமுறையில் ஒரே ஒரு குடுவை சிட்ரேட்டைச் சாப்பிடப் பழகிவிட்டது. 2008-ல் பிளவுண்ட், போர்லண்ட், லென்ஸ்கி மூவரும் எழுதிய கட்டுரையில் எனக்குப் பிடித்தது அதற்கு அடுத்த பகுதி. உறைந்திருந்த பழைய மாதிரிகளை எழுப்பி, மறுபடி நடக்கிறதா என்று பார்த்தார்கள். 20,000 தலைமுறைக்குப் பிந்தைய மாதிரிகளிலிருந்து மட்டுமே அந்தத் திறன் திரும்ப வந்தது. இடையில் நடந்த ஏதோ ஒரு மாற்றம், அந்த நேரத்தில் எந்தப் பரபரப்பும் இல்லாமல், வழியைத் திறந்து வைத்திருக்கிறது. புத்தகமாக வேண்டுமென்றால் கார்ல் ஸிம்மரின் 'மைக்ரோகாஸம்'. ஈ.கோலை ஒன்றை மட்டும் வைத்து எழுதியது, விறுவிறுவென்று போகும்.

நூலகத்து வாசி:
நுண்ணுயிரியலாளர் கார்ல் வோஸ் பற்றி யாரும் பேசவில்லையே! டேவிட் குவாமனின் 'தி டேங்கிள்ட் ட்ரீ' 2018-ல் வந்ததும் வாங்கினேன். அந்தப் புத்தகம் என்னை நேராக 1977 நவம்பரில் வோஸும் ஜார்ஜ் ஃபாக்ஸும் வெளியிட்ட கட்டுரைக்குத் துரத்தியது. மூன்றே பக்கம், ஒரே ஒரு அட்டவணை. உயிரினங்களின் ரைபோசோம் ஆர்.என்.ஏ-வைத் துண்டுதுண்டாக வெட்டி, கதிரியக்கப் பாஸ்பரஸ் பதிந்த ஃபிலிம்களை விளக்குப் பெட்டிமேல் வைத்து வருடக்கணக்கில் வாசித்ததன் சாரம் அது. மீத்தேன் உண்டாக்கும் நுண்ணுயிர்கள் பாக்டீரியாவோடும் சேரவில்லை, நம்மோடும் சேரவில்லை. ஆர்க்கியா என்ற மூன்றாவது கிளை பிறந்தது அங்கேதான்.

அந்த அட்டவணையில் லெம்னா என்ற சின்ன நீர்ச்செடி இரண்டு இடத்தில் வரும். அதன் சொந்த ரைபோசோம் ஆர்.என்.ஏ, ஈஸ்ட்டோடும் எலியின் செல்லோடும் நிற்கிறது. அதே செடியின் பசுங்கணிகத்திலிருந்து எடுத்தது பாக்டீரியாக்கள் பக்கம் போய் நிற்கிறது. ஒரு செடிக்குள் இரண்டு வம்சம். எத்தனையோ படம் போட்டு விளக்கியதைவிட எனக்கு அந்த எண்கள் போதும்.

வாத்தியார் சாருக்கு ஒரு செய்தி. இந்தக் கண்டுபிடிப்பு நியூயார்க் டைம்ஸ் முதல் பக்கத்தில் வந்ததும், உடன் உழைத்த ரால்ஃப் உல்ஃபுக்கு ஒரு நோபல் விஞ்ஞானி ஃபோன் செய்து, இந்த அபத்தத்திலிருந்து விலகிக்கொள், இல்லாவிட்டால் உன் எதிர்காலமே பாழ் என்றார். அவர் யார் தெரியுமா? உங்கள் லூரியா.

கணக்கு வாத்தியார்:
அதே லூரியாவா! 107-ஐ அடிக்காத மனுஷன் மூன்றாவது கிளையை அடிக்கப் பார்த்திருக்கிறார். பையன்களிடம் இதையும் சொல்லியாகவேண்டும்.

மூன்றாம் அலமாரி:
அதனால்தான் மனிதர்கள் வழியாகப் போகச் சொன்னேன். ரைபோசோம் பேச்சு வந்துவிட்டதால் இன்னொன்று: சிதம்பரத்தில் பிறந்த வெங்கி ராமகிருஷ்ணன் எழுதிய 'ஜீன் மெஷின்'. இயற்பியலில் பிஎச்.டி. முடித்துவிட்டு, உயிரியல் கற்க மறுபடி மாணவராகப் போய் உட்கார்ந்தவர். போட்டி, பொறாமை, பரிசு ஆசை எதையும் பூசி மெழுகாமல் எழுதியிருக்கிறார். அவர் குழு ரைபோசோமின் சிறிய பாகத்தின் அமைப்பைப் பிடித்தது வெந்நீர் ஊற்றுகளில் வாழும் தெர்மஸ் பாக்டீரியாவில். பெரிய பாகத்தை மற்றொரு குழு பிடித்தது சாக்கடலில் வாழும் உயிரில், அதுவும் வோஸின் ஆர்க்கியாவில் ஒன்று.

அகார் தட்டு:
அட்டவணையிலிருந்து தொடங்குகிறேன், புத்தகம் அப்புறம். பசுங்கணிகம் ஒரு காலத்தில் பாக்டீரியாவாக இருந்தது என்ற லின் மார்குலிஸின் மூலக் கட்டுரை தேடினேன், அகப்படவில்லை. யாரிடமாவது இருக்கிறதா?

நூலகத்து வாசி:
மார்குலிஸ் என்று தேடினால் வராது. 1967-ல் 'ஜர்னல் ஆஃப் தியரெடிகல் பயாலஜி'யில் லின் சேகன் என்ற பெயரில் வந்தது. சாவகாசமாகப் படியுங்கள்.